கல்குவாரியில் மிச்சமிருந்த செட்

2016 அக்டோபரிலிருந்து மூன்று மாதம் அலுவலக வேலையாகப் போலந்தின் கிராக்கோவ் நகரில் இருந்தேன். வார நாட்கள் எப்படியோ ஓடிவிடும். ஞாயிறு வந்தால் துணி துவைப்பது, மறுநாளைக்கு ரசம் வைப்பது, அப்புறம் கால் போன போக்கில் நடப்பது. அப்படி ஒரு ஞாயிறு டப்பாவில் புளியோதரை கட்டிக்கொண்டு விஸ்துலா ஆற்றைத் தாண்டித் தென்பக்கம் போனேன். அங்கே கிராகுஸ் மேடு என்று ஒன்று இருக்கிறது. பழங்காலத்தில் மண்ணைக் கொட்டி 16 மீட்டர் உயரத்துக்கு எழுப்பியது. உச்சியில் நின்றால் ஊர் முழுக்கத் தெரியும் என்றார்கள்.

வழி தவறிப் பெரிதாகச் சுற்றிக்கொண்டு தெற்கிலிருந்துதான் போய்ச் சேர்ந்தேன். வழியில் அகலமான ஒரு புல்வெளி. மேடும் பள்ளமுமாக, இடையிடையே மரங்கள். இரண்டு பேர் நாயோடு நடந்துகொண்டிருந்தார்கள். அபூர்வமாக வெயில் வேறு அடித்தது. ஒரு மரத்தடியில் உட்கார்ந்து புளியோதரையைச் சாப்பிட்டு, டப்பாவைக் கழுவி, பத்து நிமிஷம் கண்ணை மூடிப் படுத்துக்கூட இருந்தேன்.

மேட்டில் ஏறியபோது எனக்கு ஊரைவிடக் கீழே இருந்த பள்ளம்தான் கண்ணில் பட்டது. கைவிடப்பட்ட சுண்ணாம்புக் கல்குவாரி. வெள்ளைப் பாறைச் சுவர்கள், அடியில் தேங்கிய தண்ணீர், புதர், துருப்பிடித்து நிற்கும் சூளைகள். வேலி இருந்தது, வேலியில் ஓட்டையும் இருந்தது. ஆட்கள் போய்ப் போய் ஒற்றையடிப் பாதையே விழுந்திருந்தது. நானும் இறங்கினேன்.

கீழே புதருக்குள் ஒரு சாலை. சாலை முழுக்கக் கல்லறைக் கற்கள். ஹீப்ரு எழுத்துகள் பொறித்த கற்களை உடைத்து, எழுத்து மேலே தெரியப் பதித்திருந்தார்கள். நாஜிகள் யூதக் கல்லறைக் கற்களைப் பெயர்த்துச் சாலை போட்டார்கள் என்று எங்கோ படித்தது சட்டென்று நினைவுக்கு வந்தது. குல்லாயைக் கழற்றினேன். எழுத்துகளை மிதிக்க மனம் வராமல் ஓரமாகவே நடந்தேன். ஒரே ஒரு போட்டோ எடுத்து வீட்டு வாட்ஸ்அப் குழுவில் போட்டேன். "அங்கெல்லாம் எதுக்குப் போறே, ரூமுக்குப் போனதும் தலைக்குக் குளிச்சிட்டுச் சாப்பிடு" என்று அம்மாவிடமிருந்து பதில் வந்தது. குளித்தேன்.

திங்கட்கிழமை பக்கத்து சீட்டில் இருந்த போலந்துக்காரரிடம் போட்டோவைக் காட்டினேன். பார்த்துவிட்டு அவர் கொஞ்சம் சங்கடப்பட்டார். "இது சினிமா செட். ஸ்பீல்பெர்க் 'ஷிண்ட்லர்ஸ் லிஸ்ட்' எடுக்க வந்தபோது நாஜி முகாம் மாதிரி போட்டது, பாதியைப் பிரிக்காமல் விட்டுவிட்டார்கள்" என்றார். சரி, உண்மையான முகாம் எங்கே என்று கேட்டேன். மேப்பைத் திறந்து விரலை வைத்துக் காட்டினார். நான் புளியோதரை சாப்பிட்ட புல்வெளி.

பொம்மைக் கற்களுக்கு முன்னால் குல்லாயைக் கழற்றியிருக்கிறேன். ஆயிரக்கணக்கானவர்கள் செத்த மண்ணில் குட்டித் தூக்கம் போட்டிருக்கிறேன். அந்த வெட்கத்தில்தான் அந்தச் செட்டைப் போட்டவர் யார் என்று தேடினேன். தேடியதில் அவருடைய ஐம்பது வருட வேலையும் ஒவ்வொரு படமாக என் ராத்திரிகளை எடுத்துக்கொண்டது.

அவர் பெயர் ஆலன் ஸ்டார்ஸ்கி.

நாம் ஆர்ட் டைரக்டர் என்கிறோம், இப்போது டைட்டிலில் ப்ரொடக்ஷன் டிசைனர் என்றும் போடுகிறார்கள். போலந்தில் அந்த வேலைக்கு 'ஸ்செனோகிராஃப்' என்று பெயர். படத்தில் ஆட்களையும் அவர்கள் உடம்பில் இருப்பதையும் தவிர கண்ணுக்குத் தெரிகிற அத்தனையும் அவர் பொறுப்பு: எந்தத் தெரு, எந்தச் சுவர், சுவரில் என்ன நிறம், அதில் எவ்வளவு அழுக்கு. அறைக்குள் இருக்கும் நாற்காலியையும் கோப்பையையும் பார்த்துக்கொள்ள அவருக்குக் கீழே உள்ளறை அலங்காரக் கலைஞர் ஒருவர் தனியாக உண்டு.

ஸ்டார்ஸ்கி பிறந்தது 1943 ஜனவரி 1, வார்சாவில். அந்தத் தேதியும் ஊரும் சேர்ந்து நிற்பதைக் கொஞ்சம் யோசித்துப் பாருங்கள். அந்த ஏப்ரலில், யூதர்களை அடைத்து வைத்திருந்த வார்சா கெட்டோவில் எழுச்சி வெடித்தது; அதை அடக்கிய ஜெர்மானியர்கள் கெட்டோவை வீடு வீடாகத் தரைமட்டமாக்கினார்கள். அடுத்த வருடம் ஆகஸ்டில் ஊரே கிளர்ந்தது. 63 நாள் சண்டைக்குப் பிறகு, மிச்சமிருந்த கட்டடங்களைத் தெருத் தெருவாக எரித்தும் வெடிவைத்தும் முடித்தார்கள். விஸ்துலாவின் இடது கரையில் ஊர் என்று சொல்ல எதுவும் கிடையாது. ஸ்டார்ஸ்கிக்கு நினைவு தெரியும் வயதில் வார்சா ஒரு பெரிய செங்கல் குவியல், அதன்மேல் சாரங்கள்.

பழைய நகரத்தை அப்படியே திருப்பிக் கட்டுவது என்று முடிவெடுத்தார்கள். எதைப் பார்த்துக் கட்டுவது? கட்டடக்கலை மாணவர்களின் பழைய அளவு வரைபடங்கள் இருந்தன. அவற்றோடு, 18-ம் நூற்றாண்டில் அரசவை ஓவியராக இருந்த பெர்னார்டோ பெலொட்டோ வரைந்த தெருக்காட்சிகளையும் வைத்துக்கொண்டார்கள். செங்கல் போதாமல் வ்ரோட்ஸ்வாஃபிலும் ஷ்செட்சினிலும் இடிந்த வீடுகளைப் பிரித்து ரயிலில் ஏற்றினார்கள். 1980-ல் யுனெஸ்கோ அந்தப் புதிய பழைய நகரத்தை உலக மரபுரிமைப் பட்டியலில் சேர்த்தது. ஓவியத்தைப் பார்த்து, வேறு ஊர்க் கல்லை வைத்து, காணாமல் போன தெருவை எழுப்புவது! சினிமா செட் போடுகிறவருக்கு இதைவிட நல்ல பள்ளிக்கூடம் எங்கே கிடைக்கும்?

அவருடைய அப்பா லுட்விக் ஸ்டார்ஸ்கியும் சினிமாக்காரர்தான். யூதக் குடும்பத்தில் பிறந்தவர், போருக்கு முந்தைய போலந்து சினிமாவின் பெரிய பாடலாசிரியர், திரைக்கதையாசிரியர். 1938 படம் ஒன்றுக்கு அவர் எழுதிய தாலாட்டு போலந்தில் இன்றைக்கும் பாடப்படுகிறது. போர் முடிந்து வெளிவந்த முதல் முழுநீளப் படத்தின் கதையும் அவருடையது. 1954-ல் வந்த போலந்தின் முதல் வண்ணக் கதைப்படத்தையும் அவர்தான் எழுதினார். 'மரியென்ஷ்டாட்டில் ஒரு சாகசம்' என்று அதன் பெயர். வார்சாவைக் கட்டியெழுப்பும் கொத்தனார் ஒருவன், கிராமத்திலிருந்து வந்து கொத்து வேலை கற்றுக்கொள்ளும் பெண் ஒருத்தி, இருவருக்கும் காதல். பாட்டும் சிரிப்புமாகச் செங்கல் அடுக்குகிறார்கள். ஸ்டாலின் காலத்துப் படம் எப்படி இருக்க வேண்டுமோ அப்படியே இருக்கும், ஆனாலும் பார்க்கப் பிடித்திருந்தது. ஒன்றும் செய்வதற்கில்லை.

மகன் வார்சா நுண்கலைக் கழகத்தில் உள்ளறைக் கட்டடக்கலை படித்தார். எழுபதுகளில் இயக்குநர் ஆந்த்ரே வாய்தாவோடு சேர்ந்தார். (நம் ஊர் கோர்ட் வாய்தா இல்லை, அவர் பெயரே அப்படித்தான். சென்சாரிடம் அவர் வாங்கிய வாய்தாக்களைப் பார்த்தால் பொருத்தமாகவும் இருக்கிறது.) இருவரும் 1977-ல் செய்த படம் 'பளிங்கு மனிதன்'. இந்தக் கதையில் நான் ரொம்ப நேரம் நின்ற இடம் இது.

'பளிங்கு மனிதன்' ஒரு கொத்தனாரின் கதை. மாத்தேயுஷ் பிர்குட். 1950-களில் கிராக்கோவுக்கு வெளியே நோவா ஹூட்டா என்ற உருக்காலை நகரத்தைக் கட்டும்போது, ஒரே ஷிஃப்டில் அவனும் அவன் குழுவும் சுமார் 30,000 செங்கல் அடுக்கிச் சாதனை படைக்கிறார்கள். அரசாங்கம் அவனை நாயகனாக்குகிறது: ஆளுயரத்தை மிஞ்சும் ஓவியங்கள், பளிங்குச் சிலை, செய்திப் படம். பிறகு வேறொரு ஊரில் நடக்கும் செயல்விளக்கத்தில் யாரோ கொதிக்கும் செங்கல்லை அவன் கையில் கொடுத்துவிடுகிறார்கள். கை பொசுங்குகிறது. அங்கிருந்து அவன் சரிவு தொடங்குகிறது. இருபது வருடம் கழித்து அக்னியெஷ்கா என்ற சினிமா மாணவி அவன் என்ன ஆனான் என்று தேடுகிறாள். அருங்காட்சியகத்தின் நிலவறையைத் திறக்க வைத்து உள்ளே போகிறாள். அங்கே பிர்குட் பளிங்கில், மல்லாந்து கிடக்கிறான்.

அப்பா எழுதிய சிரிக்கும் கொத்தனாருக்கு 23 வருடம் கழித்து மகன் செட் போட்டிருக்கிறார். இந்த முறை அந்தச் சிரிப்பை எப்படித் தயாரித்தார்கள் என்பதுதான் படமே. அந்தக் காலத்துப் பேனர்களையும் தொங்கும் முகங்களையும் சிலைகளையும் ஸ்டார்ஸ்கி மறுபடி உருவாக்க வேண்டியிருந்தது. போலிச் செய்திப் படம் கறுப்பு வெள்ளையில் படத்துக்குள் ஓடும்போது எது உண்மையான பழைய காட்சி, எது புதிதாக எடுத்தது என்று பிரிக்க நான் திணறினேன். நிஜப் பிரசாரத்தையும் ஒரு கலை இயக்குநர்தானே செய்திருப்பார், கொடி எங்கே, முகம் எவ்வளவு பெரிசு என்று அவர்தானே முடிவெடுத்திருப்பார் என்று தோன்றியது. ஒரு காட்சியில் கட்டட முகப்பில் வரிசையாகத் தொங்கும் பெரிய ஓவியங்களிலிருந்து பிர்குட்டை மட்டும் கழற்றி இறக்குவார்கள். வசனம் தேவைப்படாத காட்சி. காலியான சுவர் பேசிவிடும்.

அப்பாவும் மகனும் இதைப் பற்றி வீட்டில் என்ன பேசிக்கொண்டார்கள் என்று தெரிந்துகொள்ள எனக்கு ஆசை. 1984 வரை லுட்விக் உயிரோடு இருந்தார்.

வாய்தாவோடு அவர் செய்த எல்லாப் படத்தையும் இங்கே அடுக்கப் போவதில்லை. 'இரும்பு மனிதன்' மட்டும் ஒரு வரி: 1980 ஆகஸ்டில் கதான்ஸ்க் கப்பல் கட்டும் தளத்தில் வேலைநிறுத்தம் நடந்தது, சில மாதங்களிலேயே அதைப் பற்றிய படத்தை அதே தளத்தில் எடுத்தார்கள், வேலைநிறுத்தத் தலைவர் லேக் வலேசா அவராகவே வந்து நிற்பார், 1981 மேயில் கான் விழாவின் தங்கப் பனை கிடைத்தது. அந்த டிசம்பர் 13-ல் ராணுவச் சட்டம் வந்துவிட்டது. அடுத்த படமான 'டாண்டன்', பிரெஞ்சுப் புரட்சியின் கதை, அதனால் பிரான்சுக்கு நகர்ந்தது. அதில் ஓவியர் டேவிட்டின் பட்டறை ஒன்று வரும். புரட்சியின் முக்கியத் தருணத்தை அவர் பெரிய துணியில் வரைந்துகொண்டிருப்பார். அங்கே வரும் புரட்சித் தலைவன் ரோபெஸ்பியர், இப்போது எதிரியாகிவிட்ட ஒருவனை ஓவியத்திலிருந்து எடுத்துவிடச் சொல்வான். பிர்குட்டை முகப்பிலிருந்து இறக்கிய அதே கை. இரண்டு படத்திலும் அந்த ஓவியங்களைத் தயார் செய்து மாட்டும் பொறுப்பு ஸ்டார்ஸ்கியுடையது.

இந்தப் படங்கள் பலவற்றில் உடைகள் அவர் மனைவி வியெஸ்வாவா ஸ்டார்ஸ்காவுடையவை. சுவர் ஒருவர், சட்டை ஒருவர். கறுப்பு வெள்ளைப் படத்தில் இந்த இரண்டும் ஒத்துப்போகாவிட்டால் ஆள் சுவருக்குள் கரைந்துவிடுவார் என்பதை நான் பின்னால்தான் தெரிந்துகொண்டேன்.

எண்பதுகளின் கடைசியில் ஸ்டார்ஸ்கியின் வேலை ஒரே திசைக்குத் திரும்புகிறது. 1987-ல் சோபிபோர் நாஜி முகாமிலிருந்து கைதிகள் தப்பியதைப் பற்றிய தொலைக்காட்சிப் படம், யுகோஸ்லாவியாவில் எடுத்தது. 1990-ல் வாய்தாவின் 'கோர்ச்சாக்': தன் அநாதை இல்லத்துக் குழந்தைகளோடு வார்சா கெட்டோவிலிருந்து ட்ரெப்ளிங்கா கொலை முகாமுக்குப் போன மருத்துவர், கறுப்பு வெள்ளைப் படம். அதே வருடம் அக்னியெஷ்கா ஹாலண்டின் 'யூரோப்பா யூரோப்பா'. ஸ்பீல்பெர்க் ஆள் தேடியபோது, கெட்டோவையும் முகாமையும் கட்டிப் பழகிய, கறுப்பு வெள்ளையில் எந்தச் சாயம் என்ன சாம்பலாக மாறும் என்று தெரிந்த ஒருவர் போலந்தில் தயாராக இருந்தார்.

'ஷிண்ட்லர்ஸ் லிஸ்ட்' படப்பிடிப்பு 1993 மார்ச் 1-ல் கிராக்கோவில் தொடங்கியது. கதை நடந்த ஊர், கதை நடந்த தெருக்கள், எல்லாம் பக்கத்திலேயே இருக்கின்றன. தன் யூதத் தொழிலாளர்களைக் காப்பாற்றிய ஜெர்மன் முதலாளி ஷிண்ட்லரின் பாத்திரத் தொழிற்சாலை லிபோவா தெருவில் அப்போது மின்னணு உதிரிபாக ஆலையாக ஓடிக்கொண்டிருந்தது; அதன் வாசலிலேயே எடுத்தார்கள். கேட்க வசதியாகத்தான் இருக்கிறது. ஆனால் பெரும்பாலும் உண்மையான இடம் உண்மையான இடத்தைப் போல இல்லாமல் போயிருக்கும். கெட்டோ இருந்தது ஆற்றின் தென்கரையில், பொட்கூஷேயில். அது மாறிவிட்டது. வடகரையில் இருக்கும் கஷிமியெஷ் பழைய யூதக் குடியிருப்பு. நாஜிகள் அங்கிருந்தவர்களைக் காலி செய்து பொட்கூஷேக்கு விரட்டியிருந்தார்கள். போருக்குப் பிறகு அதைக் கவனிக்க ஆளில்லாமல் காரை பெயர்ந்து, மரப் படிகள் உளுத்து, அப்படியே நின்றுவிட்டது. ஆக, படத்தின் கெட்டோ கஷிமியெஷில் எடுக்கப்பட்டது. யாரும் கவனிக்காமல் விட்ட தெரு செட் போடுகிறவருக்குப் புதையல். ஐம்பது வருட அழுக்கைச் சாயத்தில் கொண்டுவருவது லேசில்லை. இங்கே அது இலவசம்.

இதன் விளைவு ஒன்றை என் கண்ணாலேயே பார்த்தேன். யூசெஃபா தெருவுக்கும் மெய்செல்ஸா தெருவுக்கும் நடுவே, மாடி நடைகள் சூழ்ந்த ஒரு முற்றம் இருக்கிறது. படத்தில் கெட்டோவைக் காலி செய்யும் காட்சியில் வரும். இப்போது காபிக் கடை, குடை விரித்த மேஜைகள். நான் போனபோது ஒரு வழிகாட்டி பத்துப் பேரை நிறுத்தி விளக்கிக்கொண்டிருந்தார். அவர் சரியாகத்தான் சொன்னார், படம் எடுத்த இடம் என்றுதான் சொன்னார். கூட்டத்தில் ஒரு பாட்டி மட்டும் அந்தப் படிகளையே பார்த்துக் கண்ணைத் துடைத்துக்கொண்டிருந்தார். கல்குவாரிக்குப் போய்விட்டு வந்திருந்த எனக்கு அவரைத் திருத்தும் தைரியம் வரவில்லை.

முகாமுக்கு வருவோம். பிளாஷோவ் முகாமை நாஜிகள் இரண்டு யூத மயானங்களின் மேல் கட்டினார்கள். கல்லறைகளைப் பெயர்த்துச் சாலைக்குப் போட்டது அங்கேதான். 1993-ல் அந்த நிலத்தில் நினைவுச்சின்னம் இருந்தது, சுற்றிலும் அடுக்குமாடிகள் எழுந்திருந்தன. கேமராவை எந்தப் பக்கம் திருப்பினாலும் மாட்டிக்கொள்ளும். அதனால் பக்கத்திலிருந்த லிபான் கல்குவாரிக்குள் இறங்கினார்கள். பள்ளத்துக்குள் நின்றால் வானத்தையும் பாறையையும் தவிர வேறு எதுவும் தெரியாது. அசல் முகாமின் வரைபடங்களைப் பார்த்து 34 கொட்டகைகள், காவல் கோபுரங்கள், முள்வேலி, கல்லறைச் சாலை எல்லாம் எழுந்தன. போலந்தில் அதுவரை போட்ட மிகப் பெரிய செட்டுகளில் அது ஒன்று. முகாம் தளபதி ஆமோன் கோயத் குடியிருந்த அசல் வீடு ஹெல்ட்மானா தெருவில் இருக்கிறது. செட்டில் அந்த வீட்டைப் பள்ளத்தைப் பார்த்த மேட்டில் எழுப்பி, மாடத்தில் நின்றால் முகாம் முழுக்கக் காலடியில் தெரியும்படி வைத்தார்கள். வரைபடப்படி இது சரியில்லை. ஆனால் படத்தைப் பார்த்த யாருக்கும் அந்த மாடம் மறக்காது. நிஜத்தை அளவெடுத்துக் கட்டியவர், எங்கே அளவை மீற வேண்டும் என்றும் தெரிந்து வைத்திருந்தார்.

இதிலேயே இன்னொரு அடுக்கு. லிபான் வெறும் பள்ளம் இல்லை. 1942 முதல் 1944 வரை போலந்துக்காரர்களை அடைத்து வேலை வாங்கிய தண்டனை முகாம் அது. முகாமைக் கலைக்கும்போது சுட்டுக் கொல்லப்பட்ட 21 பேருக்கு ஒரு சின்ன நினைவுக்கல் அங்கே இருக்கிறது. ஒரு முகாமுக்குள் இன்னொரு முகாமின் செட். புதருக்குள் கிடக்கும் முள்வேலிக் கம்பத்தைப் பார்த்தால் 1943-ஐச் சேர்ந்ததா 1993-ஐச் சேர்ந்ததா என்று சொல்ல முடிவதில்லை. நான் ஏமாந்ததில் எனக்கு இருக்கும் ஒரே ஆறுதல் இதுதான்.

கறுப்பு வெள்ளை விஷயத்துக்கு வருகிறேன். ஒளிப்பதிவாளர் யானுஷ் கமின்ஸ்கியும் போலந்தில் பிறந்தவர். நிறம் இல்லாத படத்தில் சிவப்பும் பச்சையும் ஒரே சாம்பலாக விழக்கூடும். அதனால் ஸ்டார்ஸ்கி செட்டின் சுவர்களை ஆட்களைவிட இருட்டாகவோ வெளிச்சமாகவோ வைத்தார். உடைக்கும் தோலுக்கும் சுவருக்கும் நடுவே எப்போதும் ஒரு படி வித்தியாசம் இருக்கும். இதைப் படித்த பிறகு படத்தைச் சத்தமில்லாமல் ஓட்டி, சுவர்களை மட்டும் பார்த்தேன். நூறு பேர் நெருக்கியடிக்கும் அறையிலும் எந்த முகமும் பின்னால் ஒட்டிக்கொள்ளவில்லை.

ஆஷ்விட்ஸில் வேறு சிக்கல். முகாமுக்குள் படமெடுக்க உலக யூதக் காங்கிரஸ் எதிர்ப்புத் தெரிவித்தது. வெளியே எடுத்துக்கொள்ளலாம். சரி என்று வாசலுக்கு வெளியே கொட்டகைகளைக் கட்டினார்கள். ரயிலை நிஜ முகாமுக்குள் நிறுத்தி வாசல் வழியாக வெளியே வரவிட்டார்கள். திரையில் பார்க்கும் நமக்கு அது உள்ளே நுழைகிறது. எனக்குத் தெரிந்து சினிமாவில் இதைவிட மரியாதையான ஏமாற்று வேலை கிடையாது.

1994 மார்ச் 21 அன்று படத்துக்கு ஏழு ஆஸ்கர். கலை இயக்கத்துக்கானதை ஸ்டார்ஸ்கியும் உள்ளறை அலங்காரம் செய்த எவா ப்ரௌனும் வாங்கினார்கள். ஆமாம், ஹிட்லரின் மனைவிக்கும் கிட்டத்தட்ட இதே பெயர்தான். அந்த அம்மா வாழ்நாள் முழுக்க எத்தனை பேருக்கு இதை விளக்கியிருப்பாரோ. ஷிண்ட்லரின் மேஜையில் இருக்கும் பாட்டிலும் கண்ணாடியும், கைதிகளிடமிருந்து பறித்துக் குவித்த சாமான்களும் அவர் கை வேலை.

ஹாலிவுட் ஆஸ்கருக்கு அப்புறம் பெரிய தயாரிப்புகள் வரத்தான் செய்தன. இயக்குநர் ரோமன் போலன்ஸ்கியின் 'ஆலிவர் ட்விஸ்ட்'டுக்காக 2000-களின் நடுவில் ப்ராக் நகரத்து பாராண்டோவ் ஸ்டுடியோவில் 19-ம் நூற்றாண்டு லண்டனைத் தெருத் தெருவாகக் கட்டினார். பிரமாதமான செட். எனக்கு அதில் மனம் ஒட்டவில்லை, ஸ்டார்ஸ்கி தன் ஊரைக் கட்டும்போது இருக்கும் நடுக்கம் அங்கே இல்லை.

தன் ஊர் என்றால் 'தி பியானிஸ்ட்'. இயக்குநர் அதே போலன்ஸ்கி, சிறுவனாகக் கிராக்கோவ் கெட்டோவிலிருந்து தப்பியவர். 2001 பிப்ரவரியில் ஜெர்மனியில் படப்பிடிப்பு தொடங்கியது. வார்சாவில் ஒளிந்து பசியில் வாடிய பியானோ கலைஞர் ஷ்பில்மானாக நடிக்க ஏட்ரியன் ப்ரோடி உடம்பைப் பட்டினி போட்டு இளைத்திருந்தார். அதனால் கதையின் கடைசிப் பகுதியை முதலில் எடுத்தார்கள். ஸ்டார்ஸ்கிக்கு இதன் அர்த்தம் என்ன? ஊரைக் கட்டுவதற்கு முன்னாலேயே ஊரின் இடிபாடு தயாராக வேண்டும். யூட்டர்போக் என்ற ஊரில் சோவியத் ராணுவம் விட்டுப்போன படைக் குடியிருப்புகள் இடிப்பதற்குக் காத்திருந்தன. அவற்றைத் தங்களுக்கு வேண்டிய விதத்தில் இடித்தார்கள். இரண்டு பக்கமும் பல் விழுந்த வாய் போல நிற்கும் வீடுகள், நடுவே பனி, ஒற்றை ஆள் சுவரேறிக் குதித்து அந்தத் தெருவின் நடுவில் நடந்து போகிறான். ஸ்டார்ஸ்கி பிள்ளையாக இருந்த வார்சா இதுதான். ஸ்கேல் வைத்து வரைந்ததைவிட அங்கே நினைவில் இருந்தது அதிகம் இருக்கும் என்பது என் ஊகம்.

உயிரோடு இருக்கும் வார்சாவுக்கு அப்புறம்தான் போனார்கள். மார்ச் கடைசியில் வலது கரையில் இருக்கும் ப்ராகா பகுதிக்கு. அங்கே போருக்கு முந்தைய வீடுகள் நிறைய இருந்தன. அவை மிஞ்சியதன் காரணமும் சோவியத் ராணுவம்தான். 1944 செப்டம்பரில் செஞ்சேனை ப்ராகாவைப் பிடித்தது, ஆற்றைத் தாண்டாமல் அங்கேயே நின்றுவிட்டது. எதிர்க்கரையில் கிளர்ச்சி நசுங்கி ஊர் எரிந்தது. நின்ற பக்கம் வீடு பிழைத்தது. அந்தச் சுவர்களில் ஸ்டார்ஸ்கியின் ஆட்கள் பழைய பெயர்ப் பலகைகளையும் சுவரொட்டிகளையும் ஏற்றினார்கள். இந்த வேலைக்கு பிரான்சின் சீசர் விருது கிடைத்தது.

போலந்தில் லொக்கேஷன் பார்க்கப் போகிறவர் கையில் இருக்கும் மேப்பை வரைந்தது யார் என்று கேட்டால், எந்தப் படை எங்கே நின்றது, எதை எரித்தது, எதை எரிக்காமல் மறந்தது என்றுதான் சொல்ல வேண்டியிருக்கும்.

கடைசியாக ஒரு படம். 2012-ல் வ்வாதிஸ்வாஃப் பசிகோவ்ஸ்கி எடுத்த 'பொக்வோஷ்யே'. அறுவடைக்குப் பிறகு வயலில் சிந்திக் கிடக்கும் கதிர் என்பது அந்தச் சொல்லின் பழைய பொருள். யெட்வாப்னே என்ற ஊரில் 1941-ல் போலந்துக்காரர்களே தங்கள் யூத அண்டை வீட்டாரைக் கொன்ற சம்பவத்தின் நிழலில் எழுதிய கதை. கிராமத்து விவசாயி ஒருவன் சாலையிலும் முற்றங்களிலும் பதித்துக் கிடக்கும் யூதக் கல்லறைக் கற்களைத் தோண்டி எடுத்து வந்து தன் கோதுமை வயலில் வரிசையாக நடுகிறான். ஏன் செய்கிறான் என்று அவனுக்கே சொல்லத் தெரியாது. அந்த எழுத்துகளைப் படிக்க வேண்டும் என்பதற்காக ஹீப்ரு கொஞ்சம் கற்றுக்கொள்கிறான். ஊர் அவனைக் காறித் துப்புகிறது. படம் வந்தபோது போலந்தில் நடந்த சண்டையும் சின்னதில்லை. அவனாக நடித்த மாச்சே ஷ்டூருக்கு வசவு குவிந்தது.

கலை இயக்கம் ஆலன் ஸ்டார்ஸ்கி. டைட்டிலில் பெயரைப் பார்த்ததும் படத்தை நிறுத்திவிட்டுக் கொஞ்ச நேரம் உட்கார்ந்திருந்தேன். 1993-ல் கல்லறைக் கற்களைச் சாலையில் பதித்தவர், 19 வருடம் கழித்து, 69 வயதில், அவற்றைச் சாலையிலிருந்து பெயர்த்து நிமிர்த்தி வைக்கும் படத்துக்கு வேலை செய்திருக்கிறார். இரண்டும் பொய்க் கற்கள்தான். அந்த வயல் காட்சியில் கற்கள் ஒவ்வொன்றும் ஒவ்வொரு பக்கம் சாய்ந்து, சிலது பாதி உடைந்து, முதிர்ந்த கதிர்களுக்கு நடுவே நிற்கும். காற்றடித்தால் கதிர் அசையும்.

கிராக்கோவ் போகிறவர்களுக்கு: கிராகுஸ் மேட்டின் உச்சியிலிருந்து பள்ளம் நன்றாகத் தெரியும், உள்ளே இறங்க வேண்டிய அவசியமில்லை. பள்ளத்தைச் சுற்றிக்கொண்டு தெற்கே நடந்தால் புல்வெளி வரும். பெரிய கல் நினைவுச்சின்னம் ஒன்று, நெஞ்சுக்குக் குறுக்கே பிளந்த உருவங்களோடு, சாலைப் பக்கமாக நிற்கிறது. அதைப் பார்த்துவிட்டால் எங்கே இருக்கிறோம் என்று தெரிந்துவிடும். நான் அதற்கு முதுகைக் காட்டிக்கொண்டு சாப்பிட்டிருக்கிறேன்.